கணித மேதை இராமானுஜனும் ஒரு கைடு புத்தகமும்

கைடு என்ற சொல்லைக் கேட்டதும் ஆசிரியைமார் முகம் சுளிப்பதும், மாணவியர் முகம் மலர்வதும் எல்லாப் பள்ளிகளிலும் உள்ள வழக்கந்தான். பரீட்சை நெருங்க நெருங்க, தமிழுக்குக் கோனார் உரை, கணக்குக்கு ஒன்று, அறிவியலுக்கு ஒன்று எனப் பைகள் கனத்துக்கொண்டே போகும். இப்பொழுது அந்த வரிசையில் புதிதாக ஒரு வகையும் சேர்ந்திருக்கிறது. கணினிக்கு நிரல் எழுதுவது எப்படி, கைபேசிக்குச் செயலி செய்வது எப்படி என்று படிப்படியாகச் சொல்லித்தரும் கையேடுகள் அவை. பதினோராம் வகுப்பில் சி பிளஸ் பிளஸ், பன்னிரண்டில் பைதான் என்று பாடப் புத்தகத்திலேயே நிரல்மொழிகள் வந்துவிட்டபடியால், ஆர்வமுள்ள பிள்ளைகள் அதோடு நிற்காமல் ஆண்ட்ராய்டு கையேட்டையும் வாங்கி வைத்துக்கொண்டு வீட்டில் முயன்று பார்க்கிறார்கள்.

இதைக் கண்ட பெற்றோர் பலர் நம்மிடம் கேட்கும் கேள்வி ஒன்றுண்டு. பக்கத்திலிருந்து சொல்லிக்கொடுக்க ஆள் இல்லாமல், புத்தகத்தை மட்டும் வைத்துக்கொண்டு ஒரு பிள்ளை இத்தகைய வித்தையைக் கற்றுவிட முடியுமா? ஆழ்வார்திருநகரி போன்ற ஊரில் இருப்போர்க்கு இது வீண் கேள்வியன்று. தனி வகுப்பு என்றால் ரயிலேறித் திருநெல்வேலிக்குப் போக வேண்டும்; இல்லையேல் பஸ் பிடித்துத் தூத்துக்குடிக்குப் போக வேண்டும். பெண்பிள்ளையை அந்தி சாய்ந்தபின் அவ்வளவு தூரம் அனுப்ப எல்லா வீட்டிலும் சம்மதிப்பதில்லை. ஆதலால் பல பிள்ளைகளுக்குக் கையேடு ஒன்றே ஆசான்.

இந்தக் கேள்விக்கு நாம் நேராக விடை சொல்லப் போவதில்லை. ஒரு கைடு புத்தகத்தையே குருவாகக் கொண்டு கற்று, உலகமே வியக்க உயர்ந்த ஒருவரின் வரலாற்றை இவ்வாண்டு மலரில் சொல்லுகிறோம். அதில் இலாபமும் உண்டு, நஷ்டமும் உண்டு. இரண்டையும் மறைக்காமல் சொல்ல வேண்டும் என்பது நம் எண்ணம்.

சீனிவாச இராமானுஜன் 1887-ஆம் ஆண்டு டிசம்பர் 22-ஆம் நாள் ஈரோட்டில், தாயின் பிறந்தகத்தில் பிறந்தார். வைணவக் குடும்பம் ஆதலால் ஸ்ரீ இராமானுஜரின் திருப்பெயரையே குழந்தைக்கு இட்டனர். நம் ஊராருக்கு அப்பெயர் புதிதன்று. நம்மாழ்வார் அவதரித்த இத்தலத்தில் பவிஷ்யதாசார்யன் என்ற திருநாமத்தோடு இராமானுஜருக்குத் தனிக்கோயிலே இருப்பதை நாம் அறிவோம். தந்தை சீனிவாச ஐயங்கார் கும்பகோணத்தில் ஒரு ஜவுளிக்கடையில் கணக்கு எழுதியவர். தாய் கோமளத்தம்மாள் கோயிலில் பஜனைப் பாடல்கள் பாடிச் சிறிது சம்பாதித்தார். கல்லூரி மாணவர் சிலரை வீட்டில் தங்கவைத்துச் சாப்பாடு போட்டு அதிலும் சில காசுகள் சேர்த்தார். சாரங்கபாணி சந்நிதித் தெருவில் உள்ள அந்தச் சின்னஞ்சிறு வீட்டை இன்றும் பார்க்கலாம்.

இப்படித் தங்கிய கல்லூரி மாணவர்களே சிறுவனுக்கு முதல் வாசல் திறந்தவர்கள். அவர்களுக்குத் தெரிந்த கணக்கையெல்லாம் அவன் கேட்டுத் தெரிந்துகொண்டான். பின்னர் லோனி என்பார் எழுதிய திரிகோண கணித நூலை இரவல் வாங்கி, பன்னிரண்டு பதின்மூன்று வயதிலேயே முடித்துவிட்டான். அதன்பின் தானே சில புதிய தொடர்புகளைக் கண்டுபிடித்தான். அவை நூற்றைம்பது ஆண்டுகளுக்கு முன்பே ஆயிலர் என்ற பேரறிஞர் கண்டவை எனத் தெரிந்ததும் வெட்கமுற்று, எழுதிய தாள்களை வீட்டுக் கூரையில் செருகி ஒளித்துவிட்டான் என்பார்கள்.

1903-ஆம் ஆண்டில், பதினைந்து பதினாறு வயதில், கும்பகோணம் அரசினர் கல்லூரி நூலகத்திலிருந்து நண்பர் மூலம் வேறொரு புத்தகம் அவர் கைக்கு வந்தது. ஜார்ஜ் ஷூபிரிட்ஜ் கார் என்பவர் எழுதிய அந்நூலின் பெயரைத் தமிழில் கணித முடிவுகளின் சுருக்கத் தொகுப்பு என்று சொல்லலாம். அது பெரிய அறிஞர் எழுதிய பெரிய நூல் அன்று. கார் இலண்டனில் பரீட்சைக்குப் பையன்களைத் தயார் செய்த தனி ஆசிரியர். தாமே நாற்பது வயதைத் தாண்டிய பிறகுதான் கேம்பிரிட்ஜில் பட்டம் பெற்றவர். கேம்பிரிட்ஜ் கணிதப் பரீட்சைக்குப் படிப்போர் விரைவாகத் திருப்பிப் பார்ப்பதற்காக, தாம் பாடம் சொல்லப் பயன்படுத்திய குறிப்புகளையே 1880-களில் நூலாக்கினார். நம் பாஷையில் சொன்னால் அசல் நோட்ஸ்.

அதன் அமைப்பைச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் கதையின் முடிச்சு அதிலேயே உள்ளது. ஒன்று, இரண்டு என இலக்கமிட்டு ஒரு வாய்பாடு, அதன்கீழ் இன்னொரு வாய்பாடு என்று அடுக்கிக்கொண்டே போகிறார் கார். இலக்கம் ஆறாயிரத்தையும் தாண்டுகிறது. நடுநடுவே எண்கள் விட்டுப்போனதால் உண்மையில் ஐயாயிரம் அளவில் இருக்கும். நிரூபணம் அநேகமாகக் கிடையாது. இருந்தாலும் ஒரு வரிக் குறிப்பு, இன்ன இலக்கத்தைக் கொண்டு இதைப் பெறலாம் என்கிற அளவில். சாதாரணப் பையன் ஒருவன் இதைக் கையில் எடுத்தால் இரண்டில் ஒன்று செய்வான்: மனப்பாடம் செய்வான், அல்லது மூடி வைத்துவிடுவான்.

இராமானுஜன் மூன்றாவது ஒன்றைச் செய்தார். ஒவ்வொரு இலக்கத்தையும் விடுகதையாக எடுத்துக்கொண்டார். விடை இதோ இருக்கிறது. வழி எங்கே என்று தேடினார். துணைக்கு வேறு நூல் இல்லாத காரணத்தால் வழியைத் தாமே வெட்ட வேண்டியதாயிற்று. ஒரு வழி அகப்பட்டதும், அதே வழியில் இன்னும் கொஞ்ச தூரம் போனால் என்ன வரும், எண்ணை மாற்றினால் என்ன ஆகும் என்று பார்த்தார். அப்படிப் பார்க்கையில் கார் எழுதாதவை வந்தன. பிறகு எவரும் எழுதாதவையும் வந்தன.

நிரல் எழுதப் பழகும் பிள்ளைகள் இவ்விடத்தில் சற்று நிற்கலாம். கையேட்டில் இருபது வரி நிரல் அச்சிட்டிருக்கிறது. அதைப் பார்த்து அப்படியே தட்டச்சு செய்தால் திரையில் ஒரு பெட்டி தோன்றுகிறது. பொத்தானை அழுத்தினால் வணக்கம் என்று வருகிறது. மகிழ்ச்சிதான். ஆனால் அந்தப் பெட்டியைச் செய்தவர் கையேட்டின் ஆசிரியரே. ஏழாவது வரியை எடுத்துவிட்டால் என்ன ஆகும், பத்துக்குப் பதில் பூஜ்யம் போட்டால் நிரல் எங்கே முறியும், இதே ஏற்பாட்டைக் கொண்டு அம்மாவின் பால் கணக்கைப் போட முடியுமா என்று கேட்கத் தொடங்கும்போதுதான் பிள்ளை கற்கத் தொடங்குகிறாள். கணினி ஒரு வகையில் தாராளமானது. தப்பாகச் செய்தால் உடனே தப்பென்று காட்டிவிடும். இராமானுஜனுக்கு அந்த வசதியும் இல்லை.

அவருக்கு இருந்தது ஒரு சிலேட்டுப் பலகை. காகிதம் விலையாயிருந்தபடியால் கணக்கையெல்லாம் சிலேட்டில் போட்டு, முழங்கையால் அழித்து, மீண்டும் போட்டு, முடிவை மட்டும் நோட்டுப் புத்தகத்தில் எழுதினார். அதாவது அவருடைய நோட்டுகளும் கார் எழுதிய நூலைப் போலவே அமைந்துவிட்டன. முடிவு, முடிவு, முடிவு. வழி எங்கும் இல்லை. குரு எப்படியோ சீடனும் அப்படி. வழியெல்லாம் அந்த முழங்கையோடு போயிற்று. பின்னாளில் உலகத்துக் கணித அறிஞர்கள் தலையைப் பிய்த்துக்கொண்டது இதனால்தான்.

இனி நஷ்டத்தைச் சொல்லுவோம். 1904-இல் உயர்நிலைப் பள்ளியைப் பரிசோடு முடித்து, உபகாரச் சம்பளத்தோடு கும்பகோணம் கல்லூரியில் சேர்ந்தவர், கணிதம் தவிர வேறெதையும் தொட மறுத்தார். ஆங்கிலக் கட்டுரையில் தோற்றார். உபகாரச் சம்பளம் போயிற்று. 1905-இல் வீட்டில் சொல்லாமல் விசாகப்பட்டினத்துக்கு ஓடினார். 1906-இல் சென்னைப் பச்சையப்பன் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே சிங்காரவேலு முதலியார் என்னும் கணித ஆசிரியர் அவருடன் சரிசமமாக உட்கார்ந்து கணக்குப் போட்டார் என்பது ஆறுதலான செய்தி. ஆனால் எஃப்.ஏ. பரீட்சையில் உடற்கூற்றுப் பாடம் காலை வாரியது. 1907-இல் மறுபடி எழுதியும் தேறவில்லை. பட்டமில்லை, வேலையில்லை, கையில் காசுமில்லை. பரீட்சையில் தோற்பதே மேதைக்கு அடையாளம் என்று எந்த மாணவியும் இதிலிருந்து முடிவு கட்ட வேண்டாம். அவர் அந்த ஐந்தாறு ஆண்டுகளில் பட்ட பசி யாருக்கும் வேண்டாம். 1909-இல் திருமணமும் நடந்தது. மணமகள் ஜானகி பத்து வயதுச் சிறுமி, குளித்தலைக்கு அருகே இராஜேந்திரம் என்ற கிராமத்தைச் சேர்ந்தவர்.

1910-இல், நோட்டுப் புத்தகங்களை அக்குளில் இடுக்கிக்கொண்டு, அவர் திருக்கோவிலூருக்குப் போனார். அங்கே துணை கலெக்டராக இருந்த வி. ராமஸ்வாமி ஐயர் இந்தியக் கணிதச் சங்கத்தை நிறுவியவர். கேட்க வந்ததோ ஒரு குமாஸ்தா வேலை. நோட்டைப் புரட்டிப் பார்த்த ஐயர், இப்பேர்ப்பட்டவரை ரெவினியூ இலாகாவில் போட்டுப் புதைக்க மனமில்லாமல், சென்னையிலுள்ள கணித அன்பர்களுக்குக் கடிதம் கொடுத்து அனுப்பினார். அந்தக் கடிதங்கள் வழியே நெல்லூர் கலெக்டர் இராமச்சந்திர ராவ் அறிமுகமானார். அவர் மாதம் 25 ரூபாய் தம் கையிலிருந்தே கொடுத்துதவினார்.

1911-இல் கணிதச் சங்க இதழில் இராமானுஜன் வாசகர்களுக்கு ஒரு புதிர் போட்டார். வர்க்கமூலத்துக்குள் வர்க்கமூலமாக முடிவின்றிப் போகும் ஒரு கோவை: ஒன்றோடு, இரண்டு மடங்கு வர்க்கமூலம், அதற்குள் ஒன்றோடு, மூன்று மடங்கு வர்க்கமூலம், அதற்குள் நான்கு மடங்கு என்று. இதன் மதிப்பு என்ன? ஆறு மாதம் காத்திருந்தும் யாரும் விடை அனுப்பவில்லை. விடை 3 என்று அவரே சொன்னார். எட்டாம் வகுப்பு மாணவியும் இதன் உள்ளே எட்டிப் பார்க்கலாம். 3 என்பது 9-இன் வர்க்கமூலம். 9 என்பது 1 + 2 × 4. அந்த 4 என்பது 16-இன் வர்க்கமூலம்; 16 என்பது 1 + 3 × 5. அந்த 5 என்பது 25-இன் வர்க்கமூலம். 25 என்பது 1 + 4 × 6. இப்படியே போய்க்கொண்டிருக்கலாம். தாளும் பென்சிலும் எடுத்து இன்னும் மூன்று படி போட்டுப் பாருங்கள். அந்த மனிதரின் மனம் எப்படி நடந்தது என்பது சற்றே விளங்கும்.

1912 மார்ச்சில் சென்னைத் துறைமுகக் கழகத்தில் மாதம் 30 ரூபாயில் குமாஸ்தா வேலை கிடைத்தது. மேலதிகாரி நாராயண ஐயர் தாமும் கணிதம் அறிந்தவர். மாலையில் இருவரும் ஆளுக்கொரு சிலேட்டோடு உட்காருவார்களாம். துறைமுகத் தலைவர் சர் பிரான்சிஸ் ஸ்பிரிங்கும் ஆதரவு தந்தார். இவர்களெல்லாம் தூண்டியதன் பேரில் இராமானுஜன் இங்கிலாந்திலுள்ள பேராசிரியர்களுக்கு எழுதத் தொடங்கினார். இருவரிடமிருந்து பயன் கிட்டவில்லை. 1913 ஜனவரி 16 என்று தேதியிட்டு, கேம்பிரிட்ஜ் டிரினிட்டி கல்லூரியைச் சேர்ந்த ஜி. எச். ஹார்டிக்கு மூன்றாவது கடிதம் போயிற்று. உள்ளே பக்கம் பக்கமாக வாய்பாடுகள், நிரூபணம் இல்லாமல்.

முன்பின் தெரியாத ஒரு குமாஸ்தாவின் கடிதம். அதைக் குப்பையில் போட்டிருந்தால் யாரும் ஹார்டியைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் அன்றிரவே சகாவான லிட்டில்வுட்டையும் கூப்பிட்டு உட்கார்ந்து, ஒவ்வொரு வரியாகச் சோதித்தார். சில முன்பே தெரிந்தவை. சில கடினமானவை, ஆனால் முயன்றால் நிறுவ முடிந்தவை. சிலவோ அவர்கள் கண்டறியாதவை. இவற்றை எவனும் கற்பனையாகப் புனைந்திருக்க முடியாது என்று மட்டும் தோன்றிற்று. இன்னும் சில, குறிப்பாகப் பகா எண்களைப் பற்றியவை, தவறாகவும் இருந்தன. நிரூபணம் என்ற காவல்காரன் இல்லாத வீட்டில் பொய்யும் மெய்யும் ஒரே வாசல் வழியாக நுழைந்துவிடும். கைடு மட்டும் படித்ததன் விலை இதுவே. பத்தாண்டு உழைப்பில் ஒரு பெரும் பகுதி, ஐரோப்பாவில் எப்போதோ கண்டவற்றைத் திரும்பக் கண்டுபிடிப்பதில் கழிந்தது என்பதையும் இத்தோடு சேர்த்துக்கொள்ள வேண்டும்.

சென்னைப் பல்கலைக்கழகம் விதியைத் தளர்த்தி, பட்டமில்லாத அவருக்கு மாதம் 75 ரூபாய் ஆராய்ச்சி உதவித்தொகை அளித்தது. கடல் கடப்பதற்குத் தாயார் முதலில் இசையவில்லை. நாமக்கல் நாமகிரித் தாயார் கனவில் உத்தரவு தந்ததாகச் சொல்லி பின்னர் இசைந்தார். இராமானுஜனும் தம் வாய்பாடுகள் நாமகிரித் தாயாரின் அருள் என்றே நம்பினார். ஹார்டியோ கடவுள் நம்பிக்கை இல்லாதவர். திறமையை ஆண்டவர் தந்த தாலந்து என்று மறைக்கல்வி வகுப்பில் படிக்கும் நமக்கு, இருவரில் யார் பேச்சு நெருக்கமாகப் படுகிறது என்று சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அந்த நாத்திகர் இந்த பக்தரைத் தம்பி போல் நடத்தினார் என்பதையும் மறக்கக் கூடாது.

1914 மார்ச் 17-இல் நெவாசா என்ற கப்பலில் புறப்பட்டு ஏப்ரலில் இங்கிலாந்து சேர்ந்தார். அங்கே ஹார்டிக்கு ஒரு தர்மசங்கடம். இவருக்கு நிரூபணம் என்ற முறையைக் கற்பிக்க வேண்டும். கற்பிக்கப் போய் அந்த ஊற்றை அடைத்துவிடவும் கூடாது. ஆகவே வகுப்பறையில் உட்காரவைக்காமல், சேர்ந்து வேலை செய்துகொண்டே சொல்லிக்கொடுத்தார். வாத்தியார் வேலையில் இது மிகவும் கடினமான வகை. இராமானுஜனும் கற்றார், ஓரளவுக்கே கற்றார் என்று ஹார்டி பின்னால் எழுதினார். கையேடு தந்ததைக் கையேடு தந்தது. கூட இருந்து, இது ஏன் என்று கேட்கும் ஒரு மனிதர் தந்தது வேறு. இரண்டும் சேர்ந்த பின்னரே உலகம் அறிந்த இராமானுஜன் உருவானார் என்பது நம் துணிபு.

இருவரும் சேர்ந்து செய்தவற்றுள் ஒன்றை மட்டும் காட்டுகிறோம். 4 என்ற எண்ணை எத்தனை விதமாகக் கூட்டிப் பெறலாம்? 4, 3+1, 2+2, 2+1+1, 1+1+1+1. ஆக ஐந்து விதம். 5-க்கு ஏழு விதம். சிறு பிள்ளை விளையாட்டாகத் தோன்றும். 200-க்கு எத்தனை? ஏறத்தாழ 4 இலட்சம் கோடி. மக்மஹோன் என்ற கணித அறிஞர் 1 முதல் 200 வரை இவ்வெண்களைக் கையால் கணக்கிட்டுப் பட்டியல் போட்டிருந்தார். ஹார்டியும் இராமானுஜனும் 1918-இல் வெளியிட்ட வாய்பாடு, 200-க்கு அதே எண்ணைக் கொண்டுவந்து நிறுத்தியது. அதே பட்டியலை இராமானுஜன், முன்பு காரின் நூலைப் பார்த்த கண்ணோடு பார்த்தார். 4, 9, 14, 19 என்று ஐந்தைந்தாகப் போகும் எண்களின் விடை எப்போதும் ஐந்தால் வகுபடுவதைக் கண்டார். 4-க்கு 5, 9-க்கு 30. பட்டியல் எல்லார் கண்முன்னும் இருந்தது. அவர் கண்ணுக்கே இது பட்டது.

1916-இல் ஆராய்ச்சிப் பட்டம். 1918-இல் ராயல் சொசைட்டி உறுப்பினர் பதவியும், அதே ஆண்டு அக்டோபரில் டிரினிட்டி கல்லூரி பெலோ பதவியும். அதற்குள் உடல் குலைந்துவிட்டது. முதல் உலகப் போர் நடந்த காலம், மரக்கறி உணவு கிடைப்பது அரிது, குளிர் வேறு. காச நோய் என்றே அன்று வைத்தியம் பார்த்தனர். அது ஈரலைத் தாக்கிய அமீபா நோயாக இருக்கலாம், அப்படியானால் அக்கால மருத்துவத்தாலேயே குணப்படுத்தியிருக்கக்கூடும் என்று 1994-இல் ஒரு மருத்துவர் பழைய குறிப்புகளை ஆராய்ந்து எழுதினார். படிக்க மனம் கனக்கிறது. 1,729 என்ற வாடகை வண்டி எண்ணின் கதை இந்த நோய்ப்படுக்கையில் நடந்ததே. அது எல்லாப் பாடப் புத்தகத்திலும் வருவதால் இங்கே விடுகிறோம்.

1919 மார்ச்சில் தாயகம் திரும்பினார். 1920 ஏப்ரல் 26-இல் சென்னை சேத்துப்பட்டில் உயிர் பிரிந்தது. வயது 32. இறுதி ஓராண்டில், படுத்தபடியே எழுதிய தாள்களை ஜானகி அம்மாள் பத்திரப்படுத்தினார். அவை பல்கலைக்கழகம் வழியாக இங்கிலாந்து சென்று, கைமாறி, யாரும் கவனியாமல் டிரினிட்டி நூலகத்துப் பெட்டி ஒன்றில் கிடந்தன. 1976-இல் ஜார்ஜ் ஆண்ட்ரூஸ் என்ற அமெரிக்கப் பேராசிரியர் கண்டெடுத்தார். நூறு பக்கத்துக்கு மேல். அறுநூறுக்கும் அதிகமான வாய்பாடுகள். வழக்கம்போல் நிரூபணம் இல்லை.

இருபத்தொரு வயதில் விதவையான ஜானகி அம்மாளைப் பற்றி மலர்களில் யாரும் அதிகம் எழுதுவதில்லை. கணவரோடு அவர் வாழ்ந்தது மூன்று ஆண்டு தேறாது. பம்பாயில் சகோதரர் வீட்டில் இருந்தபோது தையலும் கொஞ்சம் ஆங்கிலமும் கற்றுக்கொண்டு, சென்னை திருவல்லிக்கேணிக்கு வந்து, தைத்துப் பிழைத்தார். ஒரு பிள்ளையையும் எடுத்து வளர்த்து ஆளாக்கினார். கணவருக்குச் சிலை வைப்பதாகச் சொன்னவர்கள் வைக்கவில்லையே என்ற குறை அவருக்கு இருந்தது. அதைக் கேள்விப்பட்ட வெளிநாட்டுக் கணித அறிஞர்கள் பணம் சேர்த்து, 1980-களில் ஒரு மார்பளவு வெண்கலச் சிலை செய்வித்து அவரிடம் சேர்ப்பித்தனர். 1994-இல் அவர் மறைந்தார்.

இராமானுஜன் வழியில் எண் கணிதத்தில் புகழ் பெற்றோரில் நம் நெல்லைச் சீமையாரும் ஒருவர் உண்டு என்பதைச் சொல்லாமல் விட மனம் வரவில்லை. குற்றாலத்துக்குப் பக்கத்தில் வல்லம் என்ற ஊரில் 1901-இல் பிறந்த எஸ். எஸ். பிள்ளை அவர். 1950-இல் அமெரிக்காவுக்குப் பயணமானபோது, கெய்ரோ அருகே விமான விபத்தில் மறைந்தார். அவரைப் பற்றி வேறொரு மலரில் எழுதலாம்.

கணினிக் கையேடு பற்றித் தொடங்கினோம். அந்தப் பேச்சுக்கு இராமானுஜனே நம்மை இட்டுச் செல்கிறார். வட்டத்தின் சுற்றளவை விட்டத்தால் வகுத்தால் வரும் பை என்ற எண்ணை நீங்கள் அறிவீர்கள். 1914-இல் அச்சான ஒரு கட்டுரையில் அவர் பையைக் கணக்கிடுவதற்கு ஒரு தொடரைத் தந்தார். வெறும் கையால் கணக்குப் போட்டவர்களுக்கு அது ஒரு வேடிக்கைப் பொருளாகவே இருந்தது. 1985-இல் காஸ்பர் என்ற அமெரிக்க நிரலாளர் அந்தத் தொடரை அப்படியே கணினியில் ஏற்றி, ஒரு கோடியே எழுபது இலட்சத்துக்கும் மேற்பட்ட இலக்கங்களைக் கணக்கிட்டார். இதில் விசேஷம் என்னவென்றால், அந்தத் தொடர் சரியானது என்று அந்நாள் வரை எவரும் முழுமையாக நிரூபித்திருக்கவில்லை! முன்னரே வேறு முறையில் கணக்கிட்டிருந்த இலக்கங்களோடு ஒத்துப் பார்த்துத்தான் அவர் மனத்தைத் தேற்றிக்கொண்டார். 1987-இல் போர்வைன் சகோதரர்கள் நிரூபணத்தை வெளியிட்டனர். முடிவு முதலில், வழி எழுபத்து மூன்று ஆண்டுகள் கழித்து.

பின்னர் சுட்னோவ்ஸ்கி சகோதரர்கள் அதே குலத்தைச் சேர்ந்த, இன்னும் வேகமான ஒரு தொடரைக் கண்டனர். அதைக் கொண்டே 2019 மார்ச் 14-இல், கூகுள் நிறுவனத்தில் பணிபுரிந்த எம்மா ஹருகா இவாவோ என்ற ஜப்பானியப் பெண் 31.4 இலட்சம் கோடி இலக்கங்கள் கணக்கிட்டு உலக சாதனை நிகழ்த்தினார். 2022-இல் அதை 100 இலட்சம் கோடியாக்கினார். சிறுமியாக இருந்தபோது கணினியில் பையைக் கணக்கிடும் நிரல் ஒன்றை இறக்கிக்கொண்டு விளையாடியவர் அவர்.

இராமானுஜனின் தொடரைப் பைதானில் எழுதப் பத்து வரி போதும். கணினி இல்லாதோரும் அதன் முதல் உறுப்பை மட்டும் போட்டுப் பார்க்கலாம். இரண்டின் வர்க்கமூலத்தை இரண்டால் பெருக்கி, வந்ததை 1,103-ஆல் பெருக்கிக்கொள்ளுங்கள். 9,801-ஐ அதனால் வகுங்கள். 3.1415927 என்று வரும். தசமத்துக்குப் பின் ஆறு இலக்கம் சரி, ஏழாவதில்தான் பிசகு. இரண்டாவது உறுப்பையும் சேர்த்தால் இன்னும் ஒன்பது இலக்கம் சரியாகும். அந்த 1,103 எங்கிருந்து வந்தது என்பதை அவர் எழுதி வைக்கவில்லை.